ஈரத் துண்டு

மூக்குக்கண்ணாடிக் கடையில் கண் சோதிக்கிற வேலை அவனுக்கு. இருட்டறையில் வருகிறவர் காதருகே, “இது தெளிவா இருக்கா, அது தெளிவா இருக்கா” என்று நாள் முழுக்கக் கேட்டுக் கேட்டுக் குரலே தேய்ந்து போயிருந்தது. அவனுக்குப் பூனை என்று பட்டப்பெயர் வைத்தவன் அவனுடைய ராக் குழுவின் டிரம்மர். அந்தப் பூனைதான் குழுவின் பாடகன் என்றால் யார் நம்புவார்கள்? கூடப் பிறந்த அக்காவே நம்பவில்லை.

குடியிருந்தது அக்கா வீட்டில். அக்காவின் வீட்டுக்காரர், அதாவது பூனையின் மாமா, தங்கமான மனிதர். ஒரே ஒரு குறை. குளித்துவிட்டு வந்து ஈரத் துண்டைப் பூனையின் கட்டிலில் போட்டுவிட்டுப் போய்விடுவார். தன் கட்டிலில் போட்டால் அக்கா தொலைத்துவிடுவாள், அதற்குப் பயந்துதான் இந்த ஏற்பாடு என்று பூனை நினைத்துக்கொண்டான். அக்கா வந்து எடுத்துக் காயப்போடுவாள். வீட்டில் எல்லாருக்கும் ஒரே மாதிரி நீலத் துண்டு. அவள் மொத்தமாக வாங்குவது. நான்கு வருடம் பூனை வாயைத் திறக்கவில்லை. அண்டியிருக்கிற வீட்டில் ஒரு துண்டுக்காக மாமாவிடம் மல்லுக்கு நிற்கவா முடியும்?

ஒரு சனிக்கிழமை அவன் அறையில் காதல் பாட்டு ஒன்றைப் பதிவு செய்தார்கள். டிரம்மர் ரெக்கார்டரைப் போட்டால் அணைக்கவே மாட்டான். நடுவில் யாராவது தும்மினால்கூட எதற்காவது உதவும் என்பான். பாட்டு முடிந்த களைப்பில் பூனை கட்டிலில் உட்கார்ந்தான். பேன்ட்டின் பின்பக்கம் சில்லென்று நனைந்தது. நான்கு வருடமும் ஒரே மூச்சில் வெளியே வந்தது.

“மறுபடியும் என் கட்டில் மேல ஈரத் துண்டு!”

பக்கத்து வீட்டுக்காரர் முகத்தில் சவர நுரையோடு ஓடி வந்தார்.

டிரம்மர் காதலைத் தூக்கி எறிந்துவிட்டு அலறலை மட்டும் வைத்துக்கொண்டு பாட்டமைத்தான். அது காட்டுத்தீயாகப் பற்றிக்கொண்டது. முதலாளி மேல், மாமியார் மேல், வராத பஸ் மேல் என்று ஊரில் இருந்த கோபமெல்லாம் அந்தத் துண்டின் மேல் வந்து விழுந்தது. பல் பிடுங்கக் காத்திருந்தவர்கள்கூட ஒரு பக்கக் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு முணுமுணுத்தார்கள்.

சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தவள் அக்கா. அந்தப் பாட்டே உங்களைப் பற்றித்தான் என்று கணவரிடம் போட்டு உடைத்தாள். மனிதர் நொறுங்கிப் போனார். மறுநாளிலிருந்து துண்டு கொடியில் தொங்கியது, சுருக்கம் நீவி, இரண்டு கிளிப் மாட்டி. அங்கேதான் வந்தது வினை. காரணம் போனபின் கோபம் எங்கிருந்து வரும்? அதற்குப் பிறகு வந்த முதல் மேடையில் பூனை அலறியது, “இது தெளிவா இருக்கா” என்று கேட்டது போலிருந்தது. இரண்டாவது மேடையில் கூட்டமே அவனுக்காக அலறிக்கொண்டது.

“ஞாயித்துக்கிழமை மேடையிலயே ரெக்கார்டிங்” என்றான் டிரம்மர். “அன்னிக்கும் வரலைன்னா நான் வேற ஆளைப் பாத்துக்கறேன்டா.”

பூனை பிறந்ததிலிருந்து ஒரே ஒரு தடவைதான் சத்தம் போட்டிருக்கிறான், அதற்கு உலகமே திரும்பிப் பார்த்தது. மறுபடி இருட்டறையில் கிசுகிசுக்க மட்டும் போவதை நினைத்தாலே அழுகை வந்தது.

ஞாயிறு மதியம் உடை மாற்ற அறைக்குள் போனால், கட்டிலில் ஈரத் துண்டு. ஒரு கணம் நம்பிக்கை துளிர்த்தது. கிட்டே போய்ப் பார்த்தான். துண்டு நன்றாகப் பிழிந்து நான்காக மடிக்கப்பட்டிருந்தது. மெத்தை நனையாமலிருக்க அடியில் ஒரு பிளாஸ்டிக் விரிப்பு வேறு. கதவிடுக்கில் மாமாவின் முகம்.

“கோபம் வருதா தம்பி?”

இப்படிக் கேட்டால் எவனுக்கு வரும்? பூனைக்குக் கண் கலங்கியது. மிச்சமிருந்த கொஞ்சநஞ்சக் கோபமும் அத்தோடு போயிற்று.

மாலையில் மைதானம் நிரம்பி வழிந்தது. அலறல் வரவேண்டிய இடத்தில் வாத்தியங்கள் நின்றன. கூட்டம் தூக்கிப் பிடித்த ஆயிரம் துண்டுகள் தலைக்கு மேல் காத்திருந்தன. பூனையின் வாயில் காற்றுதான் வந்தது. டிரம்மர் குச்சியைக் கீழே வைத்தான். வியர்வையைத் துடைக்கவாவது ஏதாவது கிடைக்குமா என்று பூனை மேடையோரம் போனான். அங்கே கூட வந்திருந்த மாமா அவனைவிடப் பதற்றமாக, வழுக்கைத் தலை, கழுத்து, அக்குள் என்று ஒரு நீலத் துண்டால் அழுத்தித் துடைத்துக்கொண்டிருந்தார். அதை அப்படியே நீட்டினார்.

“ஈரமா இருக்கே மாமா.”

“உன்னோடதுதானே” என்றார் மாமா, ஆறுதலாக. “எப்பவும் உன்னோடதைத்தான் எடுப்பேன். ஈரத் துண்டு எனக்கு ஆகாது, என்னோடது காஞ்சே இருக்கணும். அடுத்தவங்க பொருளை எடுத்தா அவங்க இடத்துலயே வைக்கணும்ல, அதான் உன் கட்டில்ல போட்டேன்.”

நான்கு வருடம் தினமும் தான் முகம் துடைத்தது எதில் என்று பூனைக்கு அப்போதுதான் உறைத்தது. அவன் மைக்கை நோக்கித் திரும்பினான்.

இப்போது எங்கும் ஒலிப்பது அந்தப் பதிவுதான். டிரம்மர் எதையும் வெட்டவில்லை. அலறல் ஓய்கிற இடத்தில் உற்றுக் கேட்டால் பின்னால் ஒரு குரல் பெருமையோடு யாரிடமோ சொல்வது கேட்கும்:

“நம்ம வீட்டுப் பையன்தாங்க.”