உக்கிரபாண்டி அண்ணாச்சியின் ஆல்பம்

என் கை சும்மா இருக்காது. அதுதான் என் பிழைப்பு, அதுதான் என்னைப் பிடித்த சனியன். பசுவந்தனை ரோட்டில் பதினாறு வருஷமாக ரிக்கார்டிங் ஸ்டுடியோ வைத்திருக்கிறேன். சுற்றுப்பட்டுக் கிராமங்களின் கோவில் கொடைத் திருவிழாப் பாட்டெல்லாம் என்னிடம்தான் வரும். வருகிறவன் கட்டைக் குரலில் கத்திவிட்டுப் போவான். நான் கம்ப்யூட்டரில் சுருதி ஏற்றி, மூச்சிரைப்பை வெட்டி, தாளத்தில் உட்காரவைத்து அனுப்புவேன். மாயகிருஷ்ணன் கை பட்டால் கழுதையும் பாடும் என்று ஊரில் சொல்வார்கள். அதைக் கேட்டுக் கேட்டுத்தான் எனக்குத் தலைக்கனம் ஏறியது.

உக்கிரபாண்டி அண்ணாச்சி பேண்டு செட்டில் சாக்ஸபோன் வாசிப்பவர். கல்யாணமோ காதுகுத்தோ, அவர்தான் முன்னால் நிற்பார். அதற்கு முன் பன்னிரண்டு வருஷம் உல்லாசக் கப்பலில் வாசித்தார். அங்கே ஒரு வெளிநாட்டு டிரம்ஸ்காரர் பழக்கிவிட்டதுதான் ஃப்ரீ ஜாஸ். பல்லவி, சரணம் கிடையாது, தாளக்கட்டு கிடையாது. அந்த நேரத்தில் நெஞ்சில் வருவதை வந்தபடி ஊதுவது. ஊரில் வாசித்தால் அடிக்க வருவார்கள் என்று இத்தனை வருஷமும் அதை அடக்கிவைத்திருந்தார்.

தை மாதம் ஒரு காலையில் வந்தார். மேல்தாடையில் கட்டி, அடுத்த வாரம் மதுரையில் ஆபரேஷன், மேல்பல் வரிசையை எடுக்கிறார்கள் என்றார். சாக்ஸபோனை மேல்பல்லில் ஊன்றித்தான் வாசிக்க வேண்டும். பல் போனால் வாசிப்பும் போச்சு. அதற்குள் ஒரே ஒரு ஆல்பம், தன் இஷ்டத்துக்கு வாசித்தது, அது மட்டும் மிஞ்சினால் போதும் என்றார்.

நிறுத்தாமல் நாற்பத்தோரு நிமிஷம் வாசித்தார். ஐயோ, அதை என்னவென்று சொல்ல! பிளிறியது, கிறீச்சிட்டது, சில இடத்தில் சுரமே இல்லாமல் வெறும் மூச்சு மட்டும் போய்வந்தது. வலியில் தடுமாறுகிறார் என்று நினைத்துக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து பாவப்பட்டேன். வெளியே வந்தபோது அவர் சட்டை நனைந்திருந்தது. முகத்தில் அப்படி ஒரு நிம்மதி.

"ஒண்ணும் தொடாதீங்க தம்பி. விழுந்தது விழுந்தபடியே இருக்கட்டும்" என்றார்.

எங்கள் ஊரில் ஒருவர் 'சரிபண்ண வேண்டாம்' என்று சொன்னால் கையில் காசில்லை என்று அர்த்தம். சுத்தம் பண்ணுவதற்குத் தனிக் கூலி. இல்லை என்று சொல்ல வெட்கப்பட்டுக்கொண்டு, அப்படியே இருக்கட்டும் என்பார்கள். பதினாறு வருஷமாக இதைத்தான் கேட்கிறேன். சீக்காளி மனுஷன், இவரிடம் காசு என்ன காசு, நாமே செய்து கொடுப்போம் என்று முடிவு கட்டினேன்.

பத்து நாள் வேறு வேலை தொடவில்லை. பிளிறலை வெட்டினேன். மூச்சைத் துடைத்தேன். பிசகியதையெல்லாம் சுருதியில் சேர்த்து, அடியில் தபேலா போட்டேன். ஒன்பது நிமிஷம் தேறியது. கேட்டால் தேன். கொடைப் பாட்டுகள் வரிசையில் நின்றன, டிஸ்க்கில் இடமில்லை. பழைய நாற்பத்தோரு நிமிஷத்தையும் அழித்துவிட்டேன். குரங்கு கையில் பூமாலை என்பார்களே, அந்தக் குரங்குக்காவது மாலையைச் சிங்காரிக்கிறோம் என்ற நினைப்புக் கிடையாது. எனக்கு இருந்தது.

இரண்டு மாதம் கழித்து அண்ணாச்சி தன் மனைவி வெள்ளைத்தாய் மதினியோடு வந்தார். மேலுதடு உள்ளே போயிருந்தது. பேசினால் விளங்காது என்பதால் நோட்டில் எழுதிக் காட்டினார். மதினி சின்ன வயசிலேயே தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்குப் போனவர், எழுத்துத் தெரியாது.

ஆல்பத்தை ஓடவிட்டேன். முதல் நிமிஷம் அண்ணாச்சி கண்ணை மூடிக் காத்திருந்தார். பிறகு கண்ணைத் திறந்து ஸ்பீக்கரைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். மதினி அழுதுகொண்டிருந்தார்.

"இவிய இவ்வளவு இதமா வாசிச்சு நான் கேட்டதே இல்ல தம்பி" என்றார்.

முடிந்ததும் அண்ணாச்சி நோட்டில் எழுதினார்: 'மிச்சம் எங்கே?'

நல்லதுக்குத்தான் செய்தேன் என்றேன், மிச்சத்தை அழித்துவிட்டேன் என்றேன். மதுரையில் ஒருத்தன் அழித்ததை மீட்டுத் தருவான் என்று உளறினேன். அதன்மேல் இருபது கொடைப் பாட்டு ஏறிவிட்டது, யாராலும் மீட்க முடியாது என்று எனக்குத் தெரியும். தேவையில்லாததைத்தானே தம்பி எடுத்திருக்கிறது என்று மதினி எனக்குப் பரிந்து பேசினார். அண்ணாச்சி என்னைத் திட்டியிருந்தால் காலில் விழுந்திருப்பேன். திட்டவும் அவருக்கு வாய் இல்லை.

மேஜையில் ஆல்பத்தின் அட்டைக்கு அச்சடித்த மாதிரிப் பிரதி கிடந்தது. சாக்ஸபோனோடு அவர் படம், கீழே அவர் பெயர். அதை இழுத்துப் பேனாவால் தன் பெயரை ஒரே கோடாக அடித்தார். பக்கத்தில் நிதானமாக 'மாயகிருஷ்ணன்' என்று எழுதி என் பக்கம் நகர்த்தினார். அவர் முகத்தில் கோபமே இல்லை, அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

மதினி கண்ணைத் துடைத்துக்கொண்டு அட்டையை எட்டிப் பார்த்தார்.

"என்ன எழுதுதாவ தம்பி?"

"பேரு, மதினி."

"அடிச்சு எழுதியிருக்காவளே, சின்னதா இருக்குன்னா?" என்று கேட்டார். "பெருசாவே போட்டுருங்க. அவிய பேரு ஒரு தடவையாவது பெருசா வரட்டும்."