லேமினேஷனுக்குப் போன கடிதம்

பீரோவின் மேல்தட்டில் கடிதம் இல்லை. அருள்மொழி கீழ்த்தட்டுகளையும் துழாவினாள்.

கொள்ளுத்தாத்தாவின் தகப்பனார் முனியன், தென்னாப்பிரிக்காவின் நேட்டாலில் கரும்புத் தோட்டத்துக்குப் போன இடத்திலிருந்து யாரையோ பிடித்து எழுதி அனுப்பிய கடிதம் அது. அடியில் இருந்த கைநாட்டுக் கீறல் மட்டும் அவருடையது. அவர் கப்பலேறிய பதிவு எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் இருந்தது. கடிதத்தையும் அங்கேயே வைத்துப் பாதுகாப்பதாக ஒப்புக்கொண்டிருந்தார்கள். "இன்னைக்குக் கொண்டு வாங்க. எதையும் ஒட்டிடாதீங்க, அப்புறம் எங்களாலயும் காப்பாத்த முடியாது" என்றிருந்தார் அங்கிருந்த அதிகாரி அம்மாள். தம்பியிடம் அதைச் சொல்லாமல் விட்டது இப்போதுதான் உறைத்தது.

போன் போட்டாள்.

"டேய் அஜித்து, லெட்டர் எங்கடா?"

"என்னாண்டதான்க்கா கீது. மார்க்கெட்டாண்ட லேமினேஷன் போட வந்துகீறேன். கவருமெண்டு ஆபீசுக்குப் பிச்சக்காரன் வேட்டி மாரி எட்துகினு போவியா? இரு, மிஷினு காலியாச்சு."

வைத்துவிட்டான். மறுபடி அடித்தால் எடுக்கவில்லை.

ரேஷன் கார்டு முதல் அப்பாவின் இறப்புச் சான்றிதழ் வரை எல்லாம் அந்த வீட்டில் பிளாஸ்டிக்குக்குள்தான். ஒரு காகிதத்துக்கு அவர்கள் செய்யும் பெரிய மரியாதை அது.

கோவில்பதாகையிலிருந்து ஏறிய ஷேர் ஆட்டோ ஆவடி மார்க்கெட் நெரிசலில் நின்றது. இறங்கி ஓடினாள். ஜெராக்ஸ் கடையில் மிஷினின் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. கடைக்காரர் மனோகரன், "கிழிசலா கீது, மிஷினு துண்ணுடும். டேப் ஒட்டிக் குடுன்னேன்" என்றார். அஜித்குமார் பல்லில் டேப்பைக் கடித்தபடி நின்றான். அடிப்பக்கக் கிழிசலில் ஒரு துண்டு ஏற்கெனவே ஒட்டியிருந்தது.

"கைய எட்றா!"

"இன்னாக்கா, ஊடு பத்திக்கின மாரி கத்துற?"

அவள் விஷயத்தைச் சொன்னதும் முகம் வெளுத்தான். "எட்துர்றேன்க்கா" என்று நகத்தால் நெம்பினான். அவள் தடுப்பதற்குள் சர்ரென்று வந்துவிட்டது டேப். முனியனின் கைநாட்டுக் கீறலில் பாதி அதோடு வந்திருந்தது.

பதறிப்போய் டேப்பைக் கசக்கப் போனவன் கையை இறுகப் பிடித்தாள்.

இருவரும் காப்பகத்துக்கு ரயில் ஏறினார்கள். கடிதம் இரண்டு அட்டைகளுக்கு நடுவே அவன் மடியில் இருந்தது. டேப்பின் ஓரத்தை மட்டும் தன் டிபன் பாக்ஸ் மூடியில் ஒட்டி அவள் பிடித்திருந்தாள்.

காப்பகத்து அம்மாள் வெகுநேரம் குனிந்து பார்த்தார். அஜித்குமார் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"கடிதத்தை எடுத்துக்கறோம். அந்தப் பாதி?"

அருள்மொழி மூடியை நீட்டினாள். அவர் அதிலிருந்த டேப்பையும் தனி உறைக்குள் வைத்தார்.

"ஒண்ணு சேருமா மேடம்?" என்றான் அஜித்குமார்.

"தெரியலப்பா" என்றார் அவர்.