ரெண்டும் பிரிஞ்ஞு

டீயை ஆற்றிக்கொண்டிருந்த கை பாதியில் நின்றது. "அண்ணாச்சி, ஆஸ்பத்திரியில இருந்து" என்று பக்கத்துக் கடை கோலப்பன் தன் எஸ்.டி.டி. பூத்தின் கண்ணாடிக் கதவைத் திறந்து ரிசீவரைத் தூக்கிக் காட்டினான். பேச்சிமுத்து தம்ளர்களை அப்படியே மேடையில் வைத்துவிட்டு, துண்டில் கையைத் துடைத்தபடி ஓடினான். ஆரியசாலையில் காலை பத்து மணி என்றால் மூட்டை இறக்கும் நேரம். பூத்துக்குள் நின்றாலும் லாரிச் சத்தம் காதை அடைத்தது.

பேசியது சிஸ்டர் ஷிஜா. அவள் மலையாளம் பேச ஆரம்பித்தால் நடுவில் மூச்சு விடமாட்டாள். "அண்ணாச்சீ, லேபில்நின்னாணு விளிக்குன்னது. ரெண்டும் பிரிஞ்ஞு, கேட்டோ. ரெண்டும்..." அந்த நேரம் பார்த்து ஒரு லாரிக்காரன் ஹாரனை அமுக்கினான். அது ஓய்ந்தபோது லைன் செத்துப்போயிருந்தது.

பேச்சிமுத்து சங்கரன்கோவில் பக்கத்திலிருந்து திருவனந்தபுரத்துக்கு வந்து பதினெட்டு வருஷம் ஆகிறது. ஆனாலும் அவனுடையது சுத்தமான டீக்கடை மலையாளம். கட்டன் சாயா, மதுரம் குறச்சு, சில்லறை உண்டோ. இவ்வளவு காலத்தில் அவன் யாரிடமும் அந்த மொழியில் வானத்தைப் பற்றியோ வயிற்றைப் பற்றியோ பேசியதில்லை. டீக்கடை மலையாளத்தில் 'பிரிஞ்ஞு' என்பதற்கு ஒரே அர்த்தம்தான். பால் திரிந்துவிட்டது, எடுத்துக் கொட்டு. சரி, தமிழிலேயே வைத்துக்கொள்வோம், அங்கே மட்டும் அது நல்ல வார்த்தையா என்ன? எந்தப் பக்கம் புரட்டிப் பார்த்தாலும் கையைத்தான் விரித்தது.

கல்யாணமாகிப் பதினான்கு வருஷம். "விசேஷம் உண்டா?" என்ற கேள்விக்குப் பயந்து, அவனும் உலகம்மாளும் ஊர்க்கோவில் கொடை விழாவுக்குப் போவதையே நிறுத்தியிருந்தார்கள். இரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு தடவை இந்த வைத்தியம் செய்து பார்த்தார்கள். வெளியே எடுத்த முட்டைகளில் ஒன்றுகூடக் கருவாகவில்லை. இந்தத் தடவை உலகம்மாளிடமிருந்து கிடைத்தது மூன்றே மூன்று. இதோடு போதும், இனி ஊசி போட்டு உடம்பைக் கெடுக்கவேண்டாம் என்று பெரிய டாக்டர் முகத்துக்கு நேராகச் சொல்லிவிட்டார். நேற்றுப் போனபோது, மூன்றில் இரண்டில் கரு கூடியிருக்கிறது என்று லேபில் வேலை பார்க்கும் ஆர்ஷா ஒரு மருந்துச் சீட்டின் பின்பக்கம் படம் போட்டுக் காட்டினாள். ஒரு பெரிய வட்டம், அதற்குள் இரண்டு சின்ன வட்டம். ஒன்று அம்மா கொடுத்தது, மற்றது அப்பா கொடுத்தது. இரண்டும் நெருங்கி வந்து ஒன்றாகக் கலந்துவிடும் என்றாள். அந்தச் சீட்டை உலகம்மாள் தலையணைக்கு அடியில் வைத்திருக்கிறாள்.

இப்போது ரெண்டும் பிரிஞ்ஞு. நெருங்கி வந்ததெல்லாம் ஒட்டாமலே போய்விட்டது. கோலப்பன், "திருப்பி அடிக்கட்டா அண்ணாச்சி?" என்று கேட்டான்.

"வேண்டாம்டே. அத இன்னொரு தடவ காதால கேக்க எனக்குத் தெம்பு கிடையாது."

மத்தியானம் சாப்பாடு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போனான். கடைக்குப் பின்சந்தில் ஒற்றை அறை. உலகம்மாள் கட்டிலில் மல்லாந்து படுத்து, ஃபேனைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"போன் வந்துதா?"

"இன்னும் வரல."

"வரும். இந்நேரம் ரெண்டும் கலந்திருக்கும். நீங்க முன்கோவி, நான் அழுத்தக்காரி. உள்ள எப்படித்தான் ஒத்துப்போச்சோ" என்று சொல்லிவிட்டுத் தானே சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்துப் பல மாசம் ஆகிவிட்டது. பேச்சிமுத்து பாதிச் சோற்றை இலையோடு மடக்கினான். கடையில் ஆளில்லை என்று பொய் சொல்லிவிட்டு எழுந்தான். கிழக்கேகோட்டைக்குப் போய் பஸ் ஏறினான். இந்தச் செய்தியை அவளிடம் எடுத்த எடுப்பில் சொல்லிவிடாதீர்கள், பெரிய டாக்டர் பக்கத்தில் உட்கார்ந்து பக்குவமாகச் சொல்லட்டும் என்று கேட்டுக்கொள்ளவேண்டும். அவனால் முடிந்தது அவ்வளவுதான்.

ஆஸ்பத்திரி மாடியில் ஏறியதுமே ஷிஜா எதிரில் வந்தாள். "எந்தா அண்ணாச்சி, மதுரமொன்னும் கொண்டுவந்நில்லே?"

காலையிலிருந்து அடக்கி வைத்திருந்தது அத்தனையும் பொங்கிவிட்டது. "பிரிஞ்சுபோன பாலுக்கு மதுரம் ஒரு கேடா சிஸ்டர்?" என்றான். குரல் உடைந்து, கடைசி வார்த்தை காற்றாகத்தான் வந்தது.

ஷிஜாவுக்கு ஒன்றும் புரியவில்லை. உள்ளேயிருந்து ஆர்ஷா எட்டிப் பார்த்தாள். அவள் பாறசாலைக்காரி, வீட்டில் தமிழ். அவளுக்குப் புரிந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். பிறகு அவன் கண்ணைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினாள்.

"பாலு பிரிஞ்ஞாத்தான் அண்ணாச்சி கெட்டுப்போவும். இது பிரியல்லேன்னாத்தான் கெட்டுப்போச்சுன்னு அர்த்தம். ஒண்ணு ரெண்டாப் பிரியணும், ரெண்டு நாலாப் பிரியணும். அதைத்தான் சிஸ்டர் சொன்னது. செருப்பக் கழத்திட்டு வாங்க, காட்டித் தாறேன். ஒரு நிமிஷம்தான், அதுக்கு மேல வெளிய வைக்கக்கூடாது."

கண்ணாடிக்கு இந்தப்புறம் அவனை நிறுத்திவிட்டு, வாயில் துணி கட்டிக்கொண்டு அவள் உள்ளே போனாள். இந்தப்புறம் ஒரு சின்ன டி.வி. இருந்தது. வெறும் சாம்பல் நிறமாகக் கிடந்த அதில் ஏதோ கலங்கி, அசைந்து, தெளிந்தது.

உருண்டையாக ஒரு மெல்லிய கூடு. அதற்குள் ஒன்றையொன்று அணைத்துக்கொண்டு குமிழிகள். ஒன்று, இரண்டு, மூன்று. அவன் எண்ணி முடித்துவிட்டதாக நினைத்தபோது, பின்னாலிருந்து நாலாவது எட்டிப் பார்த்தது. பேச்சிமுத்து தன்னை அறியாமல் கையெடுத்துக் கும்பிட்டான். பிறகு வெட்கப்பட்டுக் கையை இறக்கினான். பிறகு, எவன் பார்த்தால் என்ன என்று மறுபடியும் கும்பிட்டான்.

படம் மறைந்தது. ஆர்ஷா வெளியே வந்தாள். அவன் மெதுவாகக் கேட்டான். "இத யாரும்மா பிரியச் சொன்னது?"

"யாரும் சொல்லல்லே அண்ணாச்சி. நாங்க சூடு மாறாமப் பாத்துக்குவோம், அம்புட்டுத்தான். அம்மைக்க வயித்துல உள்ள சூடு. மத்ததெல்லாம் அதுக்கே அறியும்."

அந்தச் சூடு அவனுக்கும் தெரியும். உறை ஊற்றும் முன் பால் ஆறி நிற்கிற வெதுவெதுப்பு. தினமும் சுண்டுவிரலை விட்டுப் பார்க்கிறதுதான்.

"நாலுல எதும்மா எனக்க பங்கு? எது அவளுக்க?"

"பங்கெல்லாம் கிடையாது. ஒவ்வொண்ணுலயும் ரெண்டு பேரும் முழுசா உண்டு. இனி ஆயிரமாப் பிரிஞ்ஞாலும் உண்டு."

டீயோ பாலோ, பங்கு போட்டால் குறையும் என்பதுதான் அவன் கண்ட கணக்கு. இது என்ன பங்கு, பிரியப் பிரிய ஒன்றும் குறையாமல்? அவனுக்கு உடம்பு சிலிர்த்தது.

"உள்ள வச்சா பிடிச்சுக்கிடுமா?"

"நாளைக்கு வைப்போம். பிடிக்குமோ இல்லியோ, அது எங்களுக்கும் அறியாது. பதினாலு நாள் கழியணும்."

திரும்பி வந்த பஸ்ஸில் நிற்க இடமில்லை. மீன்கூடைக்காரி, சில்லறைக்குச் சண்டை பிடிக்கிற கண்டக்டர், குடையால் எல்லோரையும் குத்துகிற தடியர் ஒருவர். இத்தனை பேரும் ஒரு நாள் அந்த நாலு குமிழியாகத்தானே இருந்திருக்கிறார்கள்? சொல்லிக்கொடுக்க ஆளில்லாமல் ஒவ்வொருவரும் தானாகவே பிரிந்து பிரிந்து, கை வந்து கால் வந்து, இப்போது குடையும் வந்திருக்கிறது. அட கடவுளே என்று முனகிக்கொண்டான். தடியர் காலை மிதித்தபோதுகூட அவனுக்குக் கோபம் வரவில்லை.

வீட்டு வாசலிலேயே சொல்லிவிட்டான். "உலகம்மா, ரெண்டும் பிரிஞ்சிட்டு."

பதினான்கு வருஷம் டீக்கடைக்காரன் பெண்டாட்டி. அவள் திடுக்கிட்டு எழுந்தாள். "ரெண்டு வாளியுமா? காலையில நல்ல பாலுதானே வந்துது?"

பேச்சிமுத்து தரையில் உட்கார்ந்துவிட்டான். சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்ததில் பேச முடியவில்லை. தம்ளர் தண்ணீரில் விரலை முக்கி, சிவப்புச் சிமெண்டுத் தரையில் ஒரு வட்டம் போட்டான். பக்கத்தில் ஒட்டினாற்போல இரண்டு. அதற்குப் பக்கத்தில் மூன்று போட்டு, பின்னால் பாதி மறைந்தாற்போல நாலாவது.

"இப்ப இப்படி இருக்கு. நான் கண்ணால பாத்தேன்."

உலகம்மாள் கட்டிலைப் பிடித்துக்கொண்டு மெல்ல இறங்கி அவனருகில் உட்கார்ந்தாள். வெகுநேரம் அந்த நாலையே பார்த்தாள்.

"நாளைக்கு?"

"எட்டாகும்."

அவளே விரலை நனைத்து, நாக்கின் நுனியைக் கடித்துக்கொண்டு, எட்டு வட்டங்களையும் நெருக்கி நெருக்கிப் போட்டாள். கடைசி வட்டத்தை முடிப்பதற்குள் அவன் போட்ட முதல் வட்டம் காய்ந்துவிட்டது. இரண்டும் காய்ந்தது. நாலின் ஈரம் ஓரத்தில் வெளுக்க ஆரம்பித்தது. உலகம்மாள் தலையைத் தூக்கி மேலே பார்த்தாள். சுவரைப் பிடித்து எழுந்து போய் ஃபேனை நிறுத்தினாள்.