ஏழு மணிக்குத் தடைக்கம்பம் தூக்குவார்கள்

ஒட்னிக்கு அன்றைக்குக் காலையிலிருந்தே இருப்புக் கொள்ளவில்லை. அவளுடைய ஒரே மகள் ராக்னா, இரவு பத்து மணிக்கு மீன்பிடிப் படகில் வடகடலுக்குக் கிளம்புகிறாள். முதல் பயணம், ஆறு வாரம். புதிதாகக் கடலுக்குப் போகிறவரின் வீட்டு ஆள் ஒருவர்தான் கரையிலிருந்து படகைக் கட்டிய கயிற்றை அவிழ்த்துவிட வேண்டும் என்பது அந்தப் படகுத்துறையின் வழக்கம். வர ஆளில்லாதவர்களுக்குக் காவலாளி வந்து அவிழ்த்துவிடுவான். அவனும் நல்ல மனுஷன்தான். ஆனாலும் காவலாளி அவிழ்த்துவிட்டுப் போன பிள்ளை என்றால் படகில் ஒரு மாதிரி பார்ப்பார்கள்.

ராக்னா அடுக்களையில் கம்பளிக் காலுறைகளைப் பைக்குள் திணித்துக்கொண்டிருந்தபோது ஒட்னிக்குப் போன் வந்தது. இரவு வானத்தில் பச்சையாக ஆடும் துருவ ஒளியைப் பார்க்க ஆள் கூட்டிப்போகும் அலுவலகத்திலிருந்து. வேறொரு வழிகாட்டிக்குக் காய்ச்சலாம், ஏழு பேர் காத்திருக்கிறார்களாம், போக முடியுமா என்று கேட்டார்கள். ஒட்னி வாயைத் திறப்பதற்கு முன்பே ராக்னாவுக்குப் பதில் தெரிந்துவிட்டது.

"போறியாக்கும்," என்றாள்.

"மத்தியானமே கிளம்பிடுவேன்டி. ஒன்பதரைக்கெல்லாம் துறையில நிப்பேன்."

"நிப்ப, நிப்ப. ஏதாவது ஒரு மலை மேல வாயப் பொளந்துட்டு நிப்ப. என் பத்தாவது பொறந்தநாளுக்குக் கேக் வெட்டுறப்போ எங்க இருந்த? பச்சையா என்னமோ வருதுன்னு கத்தியக் கீழ போட்டுட்டு ஓடின."

"அது ஒரு தடவ."

"எண்ணிச் சொல்லவா? வேணாம்மா, பாவம் நீ. காவலாளிகிட்ட நான் சொல்லி வச்சிர்றேன்."

அந்தப் 'பாவம் நீ' முள் மாதிரி ஒட்னியின் நெஞ்சில் தைத்துக்கொண்டது.

ஜனவரி மாதம். வடதுருவத்தை ஒட்டிய டிரொம்சோ ஊரில் சூரியன் தலைகாட்டி ஒன்றரை மாதம் ஆகியிருந்தது. மத்தியானம் ஒரு மணி நேரம் நீலமாக ஏதோ வெளுக்கும், பிறகு மறுபடியும் இருட்டு. அன்றைக்குக் கடலோரம் முழுக்க மேகம் மூடிக் கிடந்தது. கிழக்கே மலையேறி, பின்லாந்து எல்லையைத் தாண்டி ஏரிக்கரைக்குப் போனால்தான் வானம் திறந்திருக்கும் என்று ஒட்னி கணித்தாள். ஆனால் மலைப்பாதையில் காற்றும் பனியும் பலமாக இருந்தன. அப்படிப்பட்ட நாளில் யாரும் தன்பாட்டுக்கு அந்தப் பாதையில் போக முடியாது. முன்னால் பனி ஒதுக்கும் வண்டி போகும், மற்ற வண்டிகள் எல்லாம் அதன் பின்னால் ஒட்டிக்கொண்டு வரிசையாகப் போக வேண்டும். அதுவரை பாதையைத் தடைக்கம்பம் போட்டு மறித்திருப்பார்கள். திரும்பி இறங்குகிற வரிசை ஏழு மணிக்கு. அதை விட்டால் அடுத்தது ஒன்பதுக்கு. ஏழு மணி வரிசையில் வந்தால் ஒன்பதரைக்கு ஊர். ஒன்பது மணி வரிசை என்றால் படகு போய்விட்டிருக்கும். கணக்கு அவ்வளவுதான்.

வந்த ஏழு பேரில் மூன்று பேர் செவிலியர்கள், இரண்டு பேர் கொரியாவிலிருந்து வந்த புதுத் தம்பதி. மிச்ச இருவர் தெற்கே பெர்கனிலிருந்து வந்த யோருன் என்ற அம்மாளும் அவள் கணவரும். யோருன் நாற்பது வருடம் தபால் ஆபீசில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவள். இது அவளுக்கு மூன்றாவது குளிர்காலம். முன்பு வந்த இரண்டு முறையும் வெறும் மேகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பியிருக்கிறாள்.

"இந்தத் தடவையும் வரலைன்னா, எங்க பக்கத்து வீட்டுக்காரி என்னை உசுரோட விடமாட்டா," என்றாள் வண்டியில் ஏறியவுடனே. "அவ போன வருஷம் விமான ஜன்னல் வழியா சும்மா பாத்துட்டு வந்தா. காசு குடுக்காம!"

மலையடிவாரத்தில் இருக்கும் பெட்ரோல் நிலையத்துக்கு வரும்போது வண்டியின் சூடேற்றி செத்துவிட்டது. மைனஸ் இருபத்துமூன்று டிகிரி குளிரில் அது விளையாட்டில்லை. அலுவலகத்தார் போன் போட்டு, பின்லாந்துப் பக்கத்திலிருந்து அப்போதுதான் இறங்கி வந்த ஒரு வண்டியை மாற்றிக்கொடுத்தார்கள். குளிருடுப்பு மூட்டை, சூப் அண்டா, விறகு, முக்காலிகள் எல்லாவற்றையும் பனியில் தூக்கித் தூக்கி மாற்றினார்கள். அந்தப் பின்லாந்து ஓட்டுநர் சாவியைக் கையில் திணித்துவிட்டு, "நல்ல வண்டி, முரண்டு பண்ணாது," என்று சொல்லிவிட்டுப் போனான். அதற்குள் மலையேறுகிற வரிசை கிளம்பத் தயாராக நின்றது. ஒட்னி வண்டியை விரட்டிப் போய் அதன் வாலில் ஒட்டிக்கொண்டாள்.

மேலே போய்ச் சேர்ந்தபோது வண்டிக் கடிகாரத்தைப் பார்த்தாள். ஐந்து! நேரம் எங்கே போனது? வண்டி மாற்றியது இத்தனை நேரத்தையா தின்றுவிட்டது என்று நினைத்தாள்.

இங்கே ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். டிரொம்சோவைவிடப் பின்லாந்தில் மணி ஒரு மணி நேரம் முந்தி ஓடும். எல்லைக்கு அருகே போனதும் போன்கள் எந்தக் கோபுரம் கிடைக்கிறதோ அதைப் பிடித்துக்கொண்டு நேரத்தை மாற்றி மாற்றிக் காட்டும். அதனால் ஒட்னிக்கு ஒரு சட்டம் உண்டு. "எல்லையில போன் பொய் சொல்லும், வண்டிக் கடிகாரம் சொல்லாது." புதிதாக வருகிற வழிகாட்டிகளுக்கெல்லாம் இதை மூக்கை நிமிர்த்திக்கொண்டு சொல்லிக் கொடுத்தவள் அவள். மலை மேல் இருக்கும்போது போனைப் பையை விட்டு எடுக்கவே மாட்டாள்.

ஏரிக்கரையில் நெருப்பு மூட்டினாள். மீன் சூப்பைச் சூடாக்கிக் கிண்ணத்தில் ஊற்றிக் கொடுத்தாள். எல்லோரும் மான்தோலில் உட்கார்ந்து ஊதி ஊதிக் குடித்தார்கள். மேகம் கிழிந்து கிழிந்து நட்சத்திரம் தெரியத் தொடங்கியது. ஒட்னி மட்டும் உட்காரவில்லை. நெருப்புக்கும் வண்டிக்கும் நடையாய் நடந்து கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஐந்தே முக்கால். ஆறு. ஆறே கால்.

ஆறு இருபத்தைந்துக்குக் கையைத் தட்டினாள். "எல்லாரும் ஏறுங்க. தடைக்கம்பத்துக்கு இருபத்தஞ்சு நிமிஷம் ஆகும்."

"என்ன, இப்பவேவா?" என்று யோருன் தன் கைக்கடிகாரத்தை நெருப்பு வெளிச்சத்தில் காட்டினாள். "எனக்கு அஞ்சு இருபத்தஞ்சுதான் ஆகுது. ஊர்ல முள்ளு வச்சது, நான் தொடவே இல்ல."

"இந்தக் குளிர்ல கைக்கடிகாரம்லாம் சோம்பிப் போயிடும்மா. பேட்டரி தாங்காது."

"இது சாவி குடுக்கிற கடிகாரம். தபால் ஆபீஸ்ல நாப்பது வருஷம் ஒரு நிமிஷம் பிசகல."

"அங்க இந்தக் குளிர் கிடையாதே. ஏறுங்க, ஏறுங்க."

யோருன் முணுமுணுத்துக்கொண்டே ஏறினாள். வண்டி ரோட்டுக்கு வந்து ஐந்து நிமிடம்கூட ஆகியிருக்காது, பின்னால் உட்கார்ந்திருந்த செவிலிப் பெண் ஒருத்தி வீறிட்டாள். ஏழு பேரும் பின்கண்ணாடியில் முகத்தை ஒட்டிக்கொண்டார்கள். ஒட்னி முன்கண்ணாடிக்கு மேலிருந்த சின்னக் கண்ணாடியில் பார்த்தாள். ஏரிக்கு மேலே பச்சை எழும்பிக்கொண்டிருந்தது.

"நிறுத்துங்க! ஒட்னி, நிறுத்துங்க!"

"முடியாது."

"ரெண்டே நிமிஷம்!"

"வரிசை போயிடும். பாதி ராத்திரி வரைக்கும் மாட்டிக்குவோம்." பாதி ராத்திரி என்பது பொய். அவள் கால் முடுக்கியிலிருந்து எழவேயில்லை. பாதை வளைந்தது, மலை வந்து மறைத்தது, பச்சை போய்விட்டது. ஏழு பேரும் திரும்பித் தங்கள் இடத்தில் உட்கார்ந்துகொண்டார்கள். அவர்கள் திட்டியிருந்தால்கூட ஒட்னிக்குத் தேவலை போலிருந்திருக்கும்.

தடைக்கம்பத்தின் அருகே மீன் லாரி ஒன்று மட்டும் நின்றுகொண்டிருந்தது. வேறு வண்டி எதுவும் இல்லை. பனி ஒதுக்கும் வண்டியின் படியில் அதை ஓட்டுகிற நிலாஸ் உட்கார்ந்து, ரொட்டியில் பழுப்புப் பாலாடைக்கட்டியைச் சீவி வைத்துத் தின்றுகொண்டிருந்தான். ஒட்னியும் அவனும் ஒரே பள்ளிக்கூடம்.

"என்ன ஒட்னி, எனக்குத் துணைக்கு இருக்கலாம்னு வந்தியா?" என்றான்.

"வரிசை எங்க? ஏழாகப் போகுதே!"

"ஆறே ஆகல. பத்து நிமிஷம் இருக்கு ஆறுக்கு."

ஒட்னி அவன் நீட்டிய போனைப் பார்த்தாள். பையிலிருந்து தன்னுடையதையும் எடுத்துப் பார்த்தாள். வண்டிக்குள் எட்டி அந்தக் கடிகாரத்தைப் பார்த்தாள். ஆறு ஐம்பது என்று பச்சையாக மின்னிக்கொண்டிருந்தது. நல்ல வண்டி, முரண்டு பண்ணாத வண்டி. ஆனால் பின்லாந்து வண்டி. அது தன் ஊர் நேரத்தைத்தான் காட்டும். இது புரிந்தபோது குளிருடுப்புக்குள் வேர்த்துவிட்டது அவளுக்கு.

நிலாஸ் வாயில் ரொட்டியோடு சிரித்தான். "போன் பொய் சொல்லும், வண்டி சொல்லாது! ஊரெல்லாம் பாடம் எடுத்தியே, அந்த அம்மணி நீதானே?" அவள் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை விழுங்கினான். "சரி விடு. எங்காளு வர நேரமாகுது, அதனால வரிசை ஒரு மணி நேரம் தள்ளிப்போச்சுன்னு சொல்லிடு. பழியை என் மேல போடு. எனக்கென்ன."

ஒட்னி அப்படியே சொல்லிவிடலாம் என்றுதான் வண்டிக்குள் ஏறினாள். ஏழு முகங்களும் அவளைப் பார்த்தன. யோருன் கைக்கடிகாரத்தை மூடியிருந்த சட்டைக் கையை மெல்ல மேலே தள்ளினாள்.

"உங்க கடிகாரம்தான் சரி," என்றாள் ஒட்னி. "தப்பு என்னோடது. இந்த வண்டி பின்லாந்து நேரத்துல ஓடுது, நான் கவனிக்கல. உங்களை ஒரு மணி நேரம் முன்னாடியே இழுத்துட்டு வந்துட்டேன்." பிறகு கேட்காததையும் சொன்னாள். மகள், படகு, பத்து மணி, கயிறு, காவலாளி.



"இதை முதல்லயே சொல்றதுக்கென்ன?" என்று யோருன் வெடித்தாள். "பொண்ணு கடலுக்குப் போறான்னு சொல்லியிருந்தா நானே எல்லாரையும் தள்ளி ஏத்தியிருப்பேனே! அதை விட்டுட்டு என் கடிகாரத்தைச் சோம்பேறிங்கிறீங்க."

ஒட்னி கணக்குப் போட்டாள். ஏரிக்குப் போக இருபத்தைந்து நிமிடம், வர இருபத்தைந்து. நடுவே பத்து நிமிடம் கிடைக்கும். ஒரு சின்னச் சறுக்கல், எதிரே ஒரு லாரி சிக்கிக்கொண்டது என்றால் போச்சு. இங்கேயே உட்கார்ந்திருந்தால் ஒன்பதரைக்கு நிச்சயம் துறை. ஆனால் ஏழு பேர் பார்க்க வந்ததை அவள்தான் முதுகுக்குப் பின்னால் விட்டுவிட்டு வந்திருக்கிறாள்.

"நிலாஸ்," என்று ஜன்னலை இறக்கினாள். "ஏழுக்கு எனக்காக ஒரு நிமிஷம்..."

"நிக்க மாட்டேன். கீழ காத்து ஏறிட்டிருக்கு. உனக்காக நின்னா பின்னாடி இருக்கிறவன் எல்லாம் பனியில புதைஞ்சிருவான்."

"தெரியும். சும்மா கேட்டேன்," என்று சொல்லிவிட்டு வண்டியைத் திருப்பினாள்.

யோருன் முன் இருக்கைக்கு வந்து, தன் கடிகாரத்தைக் கழற்றி ஒட்னியின் கையில் வைத்தாள். "இதைப் பாருங்க. அந்தப் பச்சை எழுத்தைப் பாக்காதீங்க, அதுல ஒரு துணியப் போடுங்க." செவிலிப் பெண் ஒருத்தி தன் தொப்பியைக் கழற்றி வண்டிக் கடிகாரத்தின் மேல் கவிழ்த்தாள்.

ஆறு இருபதுக்கு ஏரி. வானத்தில் ஒன்றும் இல்லை. சாம்பல் பூசினாற்போல ஒரு கோடு கிடந்தது, மேகமா ஒளியா என்று சொல்ல முடியவில்லை. எல்லோரும் ஏரிப்பனியில் இறங்கி நின்றார்கள். ஒட்னி வண்டிக் கதவைப் பிடித்துக்கொண்டு, உள்ளே எரிந்த சின்ன விளக்கில் கைக்கடிகாரத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். விநாடி முள் நடக்கிற நடை அவளுக்குப் போதவில்லை. சில சமயம் அது மிக வேகமாகவும் போனது.

ஆறு இருபத்தாறு. இருபத்தேழு.

கொரியப் பெண் மூச்சை உள்ளே இழுத்தது கேட்டது. பிறகு யோருன், "அடி ஆத்தி," என்றாள், சின்னப் பிள்ளைக் குரலில். ஒட்னியின் கையுறை, அவள் காலடிப் பனி, கடிகாரத்தின் வெள்ளை முகம் எல்லாம் பச்சையாக மாறின. பச்சை அசைந்தது. ஓரத்தில் ரோஜா நிறம்கூட ஓடியது போலிருந்தது, கடிகாரக் கண்ணாடியில் தெரிந்த வரைக்கும். இருபது வருடமாக இதைக் கண்டால் அவள் தலை தானாக மேலே போகும். கழுத்து அவளைக் கேட்காமலே நிமிரப் பார்த்தது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டு முள்ளையே பார்த்தாள். இருபத்தெட்டு. தலையை நிமிர்த்தினால் ஐந்து நிமிடம் எங்கே போனதென்றே தெரியாது, அவளுக்குத் தன்னைத் தெரியும். இருபத்தொன்பது.

"போதும், போதும், ஏறுங்க!" என்று கத்தியது ஒட்னி அல்ல, யோருன். கணவரின் உடுப்பைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தாள், கண்ணீர் இமையில் உறைந்திருந்தது. "ஏன்யா மரம் மாதிரி நிக்கிற, பொண்ணு காத்துட்டு இருக்கா!"

நிலாஸ் தடைக்கம்பத்தைத் தூக்கிக்கொண்டிருந்தான். ஒன்பது லாரிகளுக்குப் பின்னால், வரிசையின் கடைசி வண்டியாக ஒட்னி நுழைந்தாள். கீழே காற்று அடித்த அடியில் முன்னால் இருந்த லாரியின் சிவப்பு விளக்கு தெரிவதும் மறைவதுமாக இருந்தது. வரிசை ஊர்ந்தது. ஒன்பதரைக்கு அவர்கள் ஊருக்கு வரவில்லை. ஒன்பது ஐம்பத்தாறுக்குத்தான் படகுத்துறையின் விளக்குகள் தெரிந்தன. யாரையும் விடுதியில் இறக்கிவிட நேரமில்லை.

காவலாளி கயிற்றுக்குப் பக்கத்தில் குனிந்திருந்தான். ஒட்னி ஓடினாள், பின்னால் ஏழு பேரும் கனத்த குளிருடுப்பில் வாத்து மாதிரி ஓடி வந்தார்கள்.

ராக்னா படகின் விளிம்பில் ஆரஞ்சு மழையங்கியோடு நின்றாள். "இதென்னம்மா, ஊர்வலமா?" என்றாள்.

"வழியில இறக்க நேரமில்லடி."

"வெளிச்சம் வந்துச்சா?"

"வந்துச்சாம். நல்லா வந்துச்சாம்."

"வந்துச்சாமா? நீ பாக்கல?"

"நான் மணி பாத்துட்டு இருந்தேன்," என்றாள் ஒட்னி.

ராக்னா அம்மாவின் கையிலிருந்த கடிகாரத்தைப் பார்த்தாள். தொப்பியைக் காது வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டாள்.

கயிறு உறைந்து கட்டை மாதிரி இருந்தது. ஒட்னி கையுறையைக் கழற்றிவிட்டு வெறும் விரலால் முடிச்சை நெம்பினாள். காவலாளி உதவ வந்தபோது யோருன் அவன் குறுக்கே போய் நின்றுகொண்டாள். மூன்றாவது இழுப்பில் முடிச்சு விட்டது. படகு மெதுவாக விலகியது, துறைக்கும் அதற்கும் நடுவே கறுப்புத் தண்ணீர் அகன்றது.

"போய்ட்டு வர்றேம்மா!"

ஒட்னி கையாட்டினாள். படகின் விளக்கு பாலத்தைத் தாண்டி மறைகிற வரைக்கும் ஆட்டிக்கொண்டிருந்தாள். அந்தக் கையில் இன்னும் யோருனின் கடிகாரம் இருந்தது.

"அவசரமில்ல, மெதுவா குடுங்க," என்றாள் யோருன்.