அப்பாவை நிப்பாட்டின சத்தம்

எங்கடை அப்பாவைச் சாகவிடாமல் நிப்பாட்டி வைச்சது என்ரை தம்பி லெனாட். கனடாவிலை இருந்துகொண்டே வைச்சவன். கண்டறியாத பாசம்!

நிப்பாட்டி எண்டால் ஆருக்குத் தெரியாது? கட்டிலின்ரை நாலு மூலையிலையும் நாலு குழல். சுவிச்சைப் போட்டால் வண்டு இரையிற மாதிரி ஒரு சத்தம். அந்தச் சத்தத்துக்குள்ளை கிடக்கிற ஆளுக்கு நேரம் ஓடாது. மூச்சு பாதியிலை நிக்கும், சாவும் வராது. வெளியிலை நிக்கிற எங்களுக்கு எல்லாம் வழக்கம்போலை. வெளிநாட்டுப் பிள்ளை வந்து, உயிரோடை முகத்தைப் பாத்தாப் பிறகு சத்தத்தை ஓயவிடுவினம், ஆள் போகும். இப்ப யாழ்ப்பாணத்திலை உது இல்லாமல் ஒரு சாவும் நடக்கிறேல்லை.

அப்பாவுக்கு எலும்பிலை கான்சர். மானிப்பாயிலை, எங்கடை வீட்டிலைதான் வைச்சுப் பாத்தன். நான் சுகிர்தம், கலியாணம் கட்டாத மூத்தவள், வேறை ஆர் பாக்கிறது? இண்டைக்கோ நாளைக்கோ எண்டு டொக்டர் கைவிரிச்ச அண்டைக்கு, அப்பா நோவிலை பல்லைக் கடிச்சுக்கொண்டு, கட்டில் சட்டத்தை இறுக்கிப் பிடிச்சபடி கிடந்தார். லெனாட் போனிலை குழறி அழுதான்.

"அக்கா, நான் வருமட்டும் அப்பாவை விட்டிடாதை!"

கொக்குவிலிலை நிப்பாட்டி வாடகைக்கு விடுற சுபாங்கனுக்கும் அவனே போன் அடிச்சுச் சொல்லிப்போட்டான். பெடியன் வந்து கட்டிலிலை குழலுகளைப் பூட்டினான். "நேரம் ஓடாட்டில் நோவும் தெரியாது அக்கா" எண்டான். நானும் ஓம் எண்டன்.

ஒரு கிழமையிலை வாறன் எண்டவன் லெனாட். பேந்து மகளுக்குச் சோதினை. பேந்து பனி. பேந்து வேலையிலை லீவு குடுக்கிறாங்கள் இல்லை. மாசங்கள் போச்சு. அப்பா அப்பிடியே, பல்லைக் கடிச்சபடி. கண்ணுக்கு மேலை ஒரு இலையான் ஈ வேறை. சுவிச் போடேக்கை பறந்து வந்தது, அந்தரத்திலை அப்பிடியே நிண்டிட்டுது. அதைப் பாக்கப் பாக்க எனக்குப் பத்திக்கொண்டு வரும்.

போன கிழமை ஒருநாள் காலமை, கறி தாளிக்கேக்கை எண்ணெய் தெறிச்சு விரல் எல்லாத்திலையும் பட்டிட்டுது. எரியிற கையோடை தண்ணிக்கு ஓடுறன், அறைக்குள்ளை அந்த இலையான் கண்ணிலை பட்டுது. வந்த விசருக்கு, "சனியனே, போ!" எண்டு கையை நீட்டிட்டன்.

கை முழங்கைமட்டும் சத்தத்துக்குள்ளை போய் இறுகிட்டுது. இழுத்தன், வரேல்லை. அதுகூடப் பறவாயில்லை. எரிவு குறையேல்லை. தண்ணியிலை பிடிச்சால் கொஞ்சத்திலை ஆறுற எரிவு அது. எண்ணெய் பட்ட அந்தக் கணத்திலை எப்பிடி இருந்ததோ, அப்பிடியே இருந்தது. ஒரு சொட்டுக்கூடக் குறையேல்லை. நேரம் போகப் போக எனக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. அப்பதான் அப்பாவின்ரை முகத்தை வடிவாப் பாத்தன். ஐயோ, கடவுளே. எலும்பு உளையிற அந்த நோ. மாசக்கணக்கா. கத்தக்கூட ஏலாமல்.

மற்றக் கையாலை சுபாங்கனுக்குப் போன் அடிச்சன். மோட்டச்சைக்கிளிலை பறந்து வந்தான்.

"சத்தத்தை ஓயவிட்டால்தான் கை வரும் அக்கா. ஓயவிட்டால் அப்பாவும் போயிடுவார்" எண்டான். "லெனாட் அண்ணை இப்பதான் எனக்குப் போன் அடிச்சவர், காலமை கட்டுநாயக்கா எயார்போட்டிலை இறங்கிட்டார். வானிலை வந்துகொண்டிருக்கிறார். பின்னேரம் மட்டும் பொறுங்கோவன்."

மாசக்கணக்காக் கிடந்த மனுசன், இன்னும் ஒரு பின்னேரம்தானே எண்டு ஊர் சொல்லும். லெனாட்டும் பாவம்தான், அவ்வளவு தூரத்திலை இருந்து வாறான். ஆனா, இந்த விரல் எரிவை ஒரு காலமை தாங்க ஏலாமல் நான் துடிக்கிறன். அப்பா இன்னும் கட்டில் சட்டத்தை விடேல்லை.

"ஓயவிடு" எண்டன்.

"அண்ணை என்னை உயிரோடை விடமாட்டார் அக்கா."

"ஓயவிடடா எண்டிறன்!"

சத்தம் அடங்கிச்சுது. அப்பா ஒரு குழறல் குழறினார் பாருங்கோ, பக்கத்து வீட்டுச் சனம் ஓடி வந்திட்டுது. நான் அவரைக் கட்டிப் பிடிச்சன். கன நேரம் இல்லை. அவரின்ரை கை சட்டத்தை விட்டுது, முகம் தளர்ந்துது. "போங்கோ அப்பா, போங்கோ" எண்டு சொல்லிச் சொல்லி அழுதன். போயிட்டார்.

பின்னேரம் லெனாட் வந்து இறங்கேக்கை அப்பாவைச் சவப்பெட்டியிலை கிடத்தியாச்சு. போதகர் அவனுக்காகத்தான் செபத்தைத் துவங்காமல் நிண்டவர். சுபாங்கன் வழியிலையே அவனுக்கு எல்லாம் சொல்லியிருந்தான். வாசல் படலையடியிலை என்னைக் கண்டவுடனை பாய்ஞ்சான்.

"உன்ரை கை எரிஞ்சது எண்டு அப்பாவைச் சாகவிட்டிட்டாய், என்ன? ஒரு பின்னேரம் பொறுக்க ஏலாமல் போச்சோ உனக்கு?"

"அப்பாவுக்கு நொந்ததடா. அவ்வளவு நாளும், விடாமல் நொந்தது. உனக்கு அது தெரியாது."

லெனாட் கண்ணைத் துடைச்சான். குரலைத் தாழ்த்தினான்.

"தெரியும் அக்கா. கனடாவிலை நிப்பாட்டியைத் தடை செய்ததே அந்த நோவாலைதான். எண்டாலும் அப்பாவை ஒருக்கா உயிரோடை பாக்கவேணும் போலை இருந்தது. என்ன செய்ய? விடு, முகத்தை எண்டாலும் பாப்பம்."

அவன் அழுதது மெய். அந்தப் பாசமும் மெய்தான். ஆனா, தெரிஞ்சுகொண்டுதான் வைச்சிருக்கிறான்.

அவனைப் படலையடியிலை விட்டிட்டு உள்ளை போனன். சவப்பெட்டி மூடியோடை நிண்ட ஆக்களைப் பாத்து, "மூடுங்கோ" எண்டன்.

"பிள்ளை, மகன் இன்னும் பாக்கேல்லையே" எண்டார் போதகர்.

"ஓம்" எண்டன். "மூடுங்கோ."