பிறின்ஸ் படுத்த காப்பெற்

யாழ்ப்பாணத்திலிருந்து இடம்பெயர்ந்து வந்த எங்களுக்கு ஐறீன் அன்ரி கொழும்பு கொட்டாஞ்சேனையில் தன் வீட்டில் அறை தந்தது தொண்ணூற்றாறாம் ஆண்டு. அதற்கு முன் பதினொரு வீட்டில் 'தமிழாக்கள், பொலிஸ் கரைச்சல்' என்று கதவைச் சாத்தியிருந்தார்கள். அன்ரி அறையோடு தரையில் விரிக்க ஒரு சிவப்புக் கம்பளிக் காப்பெற்றும் தந்தார். நானும் கணவரும் இரண்டு பிள்ளைகளும் அதில்தான் படுத்தோம். அந்தப் புண்ணியவதியை நினைக்காத நாள் இல்லை.

மூன்றாம் நாள் பிள்ளைகளின் கால் முழுக்கத் தடிப்பு. காப்பெற்றைப் புரட்டினால் தெள்ளுப்பூச்சி! லொட்ஜில் கிடந்து வந்த நாங்கள்தான் கொண்டுவந்தோம் என்றே நினைத்தேன். கொழும்பில் தங்க வருகிற தமிழர் கொடுக்கவேண்டிய பொலிஸ் பதிவுப் படிவம் அன்ரியிடம் இருந்தது. திங்கட்கிழமைக்குள் வீட்டுக்காரர் கையெழுத்து வைக்காவிட்டால் எங்களுக்குத் தெருதான்.

ஞாயிறு காலை அன்ரி தேவாலயத்துக்குப் பூசைக்குப் போனதும், கோயிலடியில் கேட்டு வாங்கிய வேப்பிலையை அண்டா நிறையத் தண்ணீரில் கொதிக்கவைத்தேன். ஊரில் பாய்க்குச் செய்கிற வைத்தியம்தானே! காப்பெற்றை முற்றத்தில் விரித்துக் கொதிக்கக் கொதிக்க ஊற்றினேன். தெள்ளு செத்ததோ இல்லையோ, கம்பளி சாயம் விட்டுச் சுருங்கிப் போனது. பாயும் கம்பளியும் ஒன்றா? என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

அன்ரி கேற்றைத் திறந்தார். முற்றமெல்லாம் சிவப்பு.

"கோவிக்காதேங்கோ அன்ரி. தெள்ளு எங்களோடை வந்திட்டுது. கொல்ல வெளிக்கிட்டுக் காப்பெற்றைப் பழுதாக்கிப்போட்டன். பிள்ளையளுக்காக எண்டாலும் எங்களை வீட்டை விட்டு எழுப்பாதேங்கோ" என்று அழுதேன்.

அன்ரி படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"தெள்ளு உங்கட இல்ல மகள். எங்கட நாய் பிறின்ஸ்ட. அது செத்து மூணு மாசம். அது படுத்த காப்பெற் இது. மருந்தெல்லாம் அடிச்சேன், போகல்ல. முந்தி வந்தவங்க ஒரு கிழமையில ஓடிட்டாங்க. சொன்னா நீங்களும் போயிருவீங்கண்டு பயந்து வாயப் பொத்திட்டு இருந்தேன். என்னால தனிய இருக்க ஏலாது மகள்."

கைப்பையைத் திறந்து படிவத்தை நீட்டினார். வெள்ளிக்கிழமைத் திகதியோடு கையெழுத்து ஏற்கெனவே இருந்தது.

நாங்கள் வந்துவிடுவோமோ என்று பதினொரு வீட்டார் பயந்தார்கள். போய்விடுவோமோ என்று கொழும்பில் பயந்தவர் இவர் ஒருவர்தான். அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"சரி சரி, அழாத. முதல்ல அந்தச் சனியனத் தூக்கி வெளியில போடுவோம். அந்தப் பக்கம் பிடி" என்றார் அன்ரி.