ரிஷார்டின் வலது காது

1

நன்றி சொல்லத்தான் இந்தக் கதையை எழுத உட்கார்ந்தேன். முதல் வரி இப்படி வந்தது: ‘பாலைவனத்தின் மௌனத்தில் ஓர் இசைக்கலைஞன்...’

அடித்துவிட்டேன். தொண்ணூற்று நான்கில் நான் நர்ஸாக இருந்த, வளைகுடா நாட்டு அல் ஐன் நகரத்துக் கிளினிக்கில் மௌனம் கிடையாது. ஜன்னல் ஏசி லாரி மாதிரி உறுமும். அதற்கு மேலே “யல்லா, நெக்ஸ்ட்!” என்று கத்துவேன்.

கத்தியும் எழுந்து வராதவர் ரிஷார்ட். போலந்துக்காரர். வார்சாவில் சினிமாவுக்கும் டிவி தொடர்களுக்கும் இசையமைத்தவர். ஆட்சி மாறி அரசு ஸ்டூடியோக்கள் நொடித்ததும் வேலை நின்றுபோனது. முத்துக்குளிப்பவர்களைப் பற்றிய தொடருக்காக வளைகுடாவிலிருந்து ஒரு டிவி கம்பெனி அழைத்திருந்தது. வந்த இடத்தில் இரண்டு காதும் மங்கிவிட்டன.

“கம்பெனிக்குச் சொல்லிடாதீங்க சிஸ்டர். இதுவும் போச்சுன்னா எனக்கு வேற வேலை தெரியாது.”

(ஆங்கிலத்தில்தான் சொன்னார். அந்தக் கெஞ்சல் எனக்குத் தமிழில்தான் நினைவிருக்கிறது.)

2

வலது காதில் ஆபரேஷன். கேட்கலாம், அடியோடு போகவும் போகலாம் என்றார் டாக்டர். ரிஷார்ட் கையெழுத்துப் போட்டார். பஞ்சை எடுத்த பிறகும் ஒன்றும் கேட்கவில்லை. பொறுத்திருங்கள் என்றார்கள். ஹோட்டல் அறையில் தனியாகக் கிடந்து, சரியாகச் சாப்பிடாமல் இளைத்துப்போனார்.

“பாவம்டி ராதிகா, வெள்ளிக்கிழமை சாப்பிடக் கூட்டிட்டு வா” என்றார் என் கணவர் வாசு.

[இங்கே ரிஷார்ட் அழுவதாக ஒரு பத்தி எழுதியிருந்தேன். அவர் அழவில்லை. அழைப்பை நான் சீட்டில் எழுதிக் காட்டியதும், சாப்பாடு எப்போது என்றுதான் கேட்டார். பத்தியை எடுத்துவிட்டேன்.]

3

அடுத்து நடந்ததை நீங்கள் நம்பமாட்டீர்கள் என்று பயந்து, தூரத்துப் பாங்கொலியாக மாற்றிப் பார்த்தேன். அழகாக இருந்தது. ஆனால் பொய்.

குக்கர் விசிலடித்தது. ரிஷார்ட் துள்ளி எழுந்தார்.

“ஒண்ணுமில்ல சார், பருப்பு” என்றார் வாசு, பயந்துவிட்டார் என்று நினைத்து.

ரிஷார்ட் வலது காதைப் பொத்தினார். திறந்தார். மறுபடி பொத்தினார்.

“இன்னொரு தடவை!”

“பருப்பு குழைஞ்சிடும்ங்க” என்றேன் வாசுவிடம்.

“குழையட்டும்டி!”

கஞ்சியாகிவிட்ட அந்தப் பருப்பை மூன்று பேரும் சிரித்துக்கொண்டே சாப்பிட்டோம்.

4

தொடருக்கு இசையமைத்து முடித்தார். ஒளிபரப்பான அன்று டைட்டிலில் அவர் பெயர் வந்ததும் வாசு கைதட்டினார். அந்த இசையைக் கேட்ட வார்சா டைரக்டர் ஒருவர் படம் கொடுத்து அழைக்க, ரிஷார்ட் ஊருக்குப் போனார். அதன் பிறகு? பெரும்புகழ் பெற்றார் என்று ஒரு முடிவு எழுதினேன். காது மறுபடி போனதாக இன்னொன்று. எனக்குத் தெரியாது. இரண்டையும் கிழித்துப் போட்டேன்.

அந்த வெள்ளிக்கிழமை மதியத்திலேயே நிறுத்துகிறேன். சாப்பிட்டு முடித்ததும் ரிஷார்ட் நாற்காலியை எனக்கு அருகில் இழுத்துப் போட்டார்.

“இத்தனை நாளா உங்க உதட்டைத்தான் பார்த்தேன். உங்க குரல் எனக்குத் தெரியாது. ஏதாவது சொல்லுங்க. எந்த மொழியா இருந்தாலும் சரி.”

கிளினிக்கில் கத்திக் கத்திக் கட்டிப்போன என் குரலைக் கேட்க யாரும் அப்படி ஆசைப்பட்டதில்லை. வாசு ஃபேனை நிறுத்தினார். ரிஷார்ட் வலது காதை என் பக்கம் திருப்பிக் கண்களை மூடிக்கொண்டார்.

தமிழில்தான் சொன்னேன். என்னவென்று எழுதப்போவதில்லை. அந்தக் காது உங்கள் முன்னால் காத்திருந்தால், நீங்கள் என்ன சொல்லியிருப்பீர்களோ, அதையே வைத்துக்கொள்ளுங்கள்.